எழுதி வைத்த நடைமுறை வளரும் நிறுவனத்துக்கு எப்போது தேவைப்படுகிறது? காவிரிப் படுகைத் தொழில்முனைவோரின் கருத்து வேண்டும்

குடமுருட்டிக்கரை (திருவையாறு வட்டாரம்)

மன்ற நண்பர்கள் அனைவருக்கும் வணக்கம்.

நானும் என் கூட்டாளியும் மரபு நெல் ரகங்களை வாங்கி, அரிசியாகவும் அவலாகவும் சத்துமாவாகவும் விற்கும் நிறுவனம் ஒன்றை நடத்தி வருகிறோம். தொடங்கும்போது இருவரே எல்லா வேலையையும் பார்த்தோம். இப்போது இருபது பேருக்கு மேல் வேலை செய்கிறார்கள். மாப்பிள்ளைச் சம்பா, கறுப்புக் கவுனி, தூயமல்லி, கிச்சிலிச் சம்பா ஆகியவை எங்கள் முக்கிய ரகங்கள். நெல் திருவையாறு, பாபநாசம் பக்கத்திலிருந்தும் திருத்துறைப்பூண்டி வட்டாரத்திலிருந்தும் வருகிறது.

அண்மையில் சென்னையைச் சேர்ந்த விற்பனை நிறுவனம் ஒன்று எங்கள் பொருள்களை எடுத்துக்கொள்ள முன்வந்தது. ஒப்பந்தத்துக்கு முன் இடத்தைப் பார்க்க வந்தவர், இருப்பிலிருந்து கவுனி அரிசிப் பொட்டலம் ஒன்றை எடுத்துக்கொண்டு, அது யாருடைய நெல், என்று அரைத்தது, அதே அரைவையில் வந்த மற்றப் பொட்டலங்கள் எந்தெந்தக் கடைக்குப் போயின என்று கேட்டார். என் கூட்டாளி தயங்காமல் மூன்றுக்கும் பதில் சொன்னார். பில்களை எடுத்துச் சரிபார்த்தபோது அவர் சொன்னது அத்தனையும் சரியாக இருந்தது. வந்தவர் மனமாரப் பாராட்டினார். பிறகு, “இவர் ஊரில் இல்லாத நாளில் இதற்கு யார் பதில் சொல்வார்கள்?” என்று கேட்டார். அதற்கு எங்களிடம் பதில் இல்லை.

உணவுப் பாதுகாப்பு மேலாண்மைக்கான பன்னாட்டுத் தரநிலையான ஐ.எஸ்.ஓ. 22000 சான்றிதழ் இருந்தால் நல்லது என்று அவர்கள் சொல்லியிருக்கிறார்கள். ஒரே வாரத்தில் சான்றிதழ் வாங்கித் தருவதாக ஒரு முகவரும் அணுகியிருக்கிறார். சான்றிதழை வாங்கி மாட்டிவிட்டு வேலையைப் பார்க்கலாம் என்பது கூட்டாளியின் எண்ணம். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. ஒருவருடைய நினைவில் மட்டும் இருப்பதை, நிறுவனத்தில் யார் வேண்டுமானாலும் எடுத்துப் படிக்கக்கூடிய இடத்துக்கு மாற்றுவதே முறையான மேலாண்மையின் முதல் வேலை என்று நினைக்கிறேன். அது நடந்த பிறகு சான்றிதழ் தானாக வரும். அது நடக்காமல் வரும் சான்றிதழால், அன்று கேட்கப்பட்ட கேள்விக்கு விடை கிடைக்காது. இந்த எண்ணம் சரியா, சரியென்றால் எங்கிருந்து தொடங்குவது என்பதை அனுபவம் உள்ளவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

துவாக்குடிப் பட்டறை

தம்பிக்கு வணக்கம். நான் உணவுத் தொழிலைச் சேர்ந்தவன் அல்ல. இரும்பு ஃபேப்ரிகேஷன் பட்டறை வைத்திருப்பவன். ஆனாலும் நீங்கள் கேட்டிருப்பது எங்கள் தொழிற்பேட்டை முழுவதும் பட்டு அறிந்த விஷயம் என்பதால் எழுதுகிறேன்.

1965இல் திருச்சியில் பெல் (பாரத மிகுமின்) நிறுவனத்தின் கொதிகலன் ஆலை வந்த பிறகு, அதைச் சுற்றித் துணைத் தொழிற்கூடங்கள் பெருகின. பிற்காலத்தில் வாங்குபவர் எவரானாலும் தர மேலாண்மைக்கான ஐ.எஸ்.ஓ. 9001 சான்றிதழ் கேட்கும் நிலை வந்தபோது பல பட்டறைகள் ஆலோசகர் ஒருவரைப் பிடித்து, அவர் வேறெங்கோ பயன்படுத்திய கோப்புகளில் பெயரை மட்டும் மாற்றி வாங்கிக்கொண்டன. தணிக்கைக்கு முந்தைய இரவு உட்கார்ந்து பல மாதப் பதிவேடுகளை ஒரே பேனாவால் நிரப்பும் வழக்கமும் அப்போதுதான் வந்தது. அந்தக் கோப்புகளால் எந்தப் பட்டறையும் வளர்ந்ததாக நான் பார்க்கவில்லை.

எங்களுக்கு உண்மையில் உதவிய பதிவு வேறு. ஒவ்வொரு வெல்டிங் இணைப்பின் பக்கத்திலும் அதைச் செய்த வெல்டரின் எண்ணைப் பஞ்ச் அடித்து, எக்ஸ்ரே முடிவு வந்ததும் எண், இணைப்பு, நேரம், குறை என்ற நான்கையும் ஒரு நோட்டில் எழுதி வந்தோம். ஒரு வெல்டரின் இணைப்புகளில் மட்டும் காற்றுத்துளைகள் அதிகமாக வந்தபோது அவரை மாற்ற வேண்டும் என்று எல்லோரும் சொன்னார்கள். நோட்டைப் புரட்டிப் பார்த்தால், அவர் காலையில் செய்தவை எல்லாம் சுத்தமாக இருந்தன. சாப்பாட்டு நேரத்துக்குப் பிறகு செய்தவற்றில்தான் துளைகள். 7018 என்ற வகை வெல்டிங் ராடுகளைச் சூட்டு அடுப்பில் (ஓவன்) சுட வைத்து, சூடு ஆறாத பெட்டியிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்துப் பயன்படுத்த வேண்டும். அவருடைய இடத்துக்குப் பெட்டி கொடுக்கப்படாததால், காலையில் எடுத்த கட்டு மதியம் வரை திறந்த வெளியில் கிடந்து காற்றின் ஈரத்தை இழுத்துக்கொண்டிருந்தது. பெட்டி ஒன்று வாங்கிக் கொடுத்ததும் குறை நின்றது. அந்த நோட்டு இல்லாதிருந்தால் நல்ல தொழிலாளி ஒருவரை இழந்திருப்போம், குறையும் அப்படியே தொடர்ந்திருக்கும்.

ஆகவே உங்கள் எண்ணத்தில் பாதியை ஒப்புக்கொள்கிறேன். நினைவை எழுத்துக்கு மாற்றுங்கள். ஆனால் எல்லாவற்றையும் எழுத வேண்டியதில்லை. எழுதியதை யாராவது திரும்ப எடுத்துப் பார்த்து ஒரு முடிவு எடுப்பார்கள் என்றால் மட்டும் எழுதுங்கள்.

குடந்தைத் தணிக்கையாளர்

உணவுத் தொழிற்கூடங்களின் தரத் தணிக்கையில் பல ஆண்டுகளாக இருப்பவன் என்ற முறையில் சில அடிப்படைகளைத் தெளிவுபடுத்துகிறேன். ஏனெனில் முகவர்கள் வாழ்வதே இந்தத் தெளிவின்மையால்தான்.

ஐ.எஸ்.ஓ. அமைப்பு எவருக்கும் சான்றிதழ் கொடுப்பதில்லை. அது தரநிலைகளை வெளியிடுகிறது. சான்றளிப்பவை தனி நிறுவனங்கள். அந்த நிறுவனங்களின் தகுதியைச் சரிபார்த்து அங்கீகரிக்கும் அமைப்பு ஒவ்வொரு நாட்டிலும் உண்டு. நம் நாட்டில் இந்தியத் தர மன்றத்தின் கீழ் இயங்கும் என்.ஏ.பி.சி.பி. அந்தப் பொறுப்பில் இருக்கிறது. உரிய முறையில் நடக்கும் சான்றளிப்பில் முதற்கட்டத் தணிக்கை, இரண்டாம் கட்டத் தணிக்கை என இரண்டு உண்டு. சான்றிதழ் மூன்று ஆண்டுகளுக்குச் செல்லும். இடைப்பட்ட ஆண்டுகளில் கண்காணிப்புத் தணிக்கை நடக்கும். உள்தணிக்கையும் நிர்வாக மீளாய்வும் நடந்து முடிந்ததற்கான சான்றுகளை இரண்டாம் கட்டத்தில் கேட்பார்கள். ஒரு வாரத்தில் இவை நடந்திருக்க வழியே இல்லை. அத்தகைய காகிதத்தை விவரம் தெரிந்த வாங்குநர் ஒருவர் சரிபார்த்தால், சான்றிதழே இல்லாத நிறுவனத்தைவிட உங்கள் நிலை மோசமாகிவிடும்.

அடுத்து, முறையான மேலாண்மை என்றாலே தடித்த கையேடு என்ற அச்சம் பலருக்கு இருக்கிறது. 1987இல் முதலில் வெளிவந்த ஐ.எஸ்.ஓ. 9001, 1994, 2000, 2008, 2015 ஆகிய ஆண்டுகளில் திருத்தப்பட்டது. 2015ஆம் ஆண்டுப் பதிப்பில் தரக் கையேடு கட்டாயம் என்ற விதியே நீக்கப்பட்டுவிட்டது. நிர்வாகப் பிரதிநிதி என்று ஒருவரைத் தனியாக அமர்த்த வேண்டும் என்ற விதியும் போய்விட்டது. உங்கள் வேலைக்கு எது தேவையோ அதை ஆவணமாக வைத்திருங்கள் என்பதுதான் இன்றைய எதிர்பார்ப்பு. இருபது பேர் உள்ள இடத்துக்கு அதன்படி ஒரு மெல்லிய கோப்பே போதும்.

உணவைப் பொறுத்தவரை ஐ.எஸ்.ஓ. 22000, 2005இல் வந்து 2018இல் திருத்தப்பட்டது. அதன் முதுகெலும்பான ஹாசப் முறை, 1960களில் அமெரிக்க விண்வெளி வீரர்களுக்கான உணவைத் தயாரிக்கும் முயற்சியில் பிறந்தது. உணவைச் செய்து முடித்த பிறகு சோதிப்பதை மட்டும் நம்பினால், சோதனைக்கே பெரும்பகுதி போய்விடும். எனவே தீங்கு எந்தக் கட்டத்தில் நுழையும் என்பதை முன்கூட்டியே கண்டு, அந்தக் கட்டத்தில் எல்லை வகுத்துக் கண்காணிப்பது என்று முடிவு செய்தார்கள். உங்கள் சத்துமாவுக்கு இதைப் பொருத்திப் பாருங்கள். வறுக்கும்போது சூடும் நேரமும் போதுமா என்பது ஒரு கட்டம். வறுத்த தானியத்தை ஆறவைக்கும் தட்டும் கையும் அடுத்த கட்டம். வறுத்ததால் கிடைத்த பாதுகாப்பு பெரும்பாலும் இங்கேதான் வீணாகிறது. அரவை இயந்திரத்தின் சுத்தியல் தேய்ந்து மாவில் உலோகத் துகள் கலப்பது மூன்றாவது. நிலக்கடலை சேர்ப்பீர்களானால் பூஞ்சை நச்சான அஃப்ளடாக்சின் பற்றிய கவலையும், ஒவ்வாமை உள்ளவர்களுக்கு லேபிளில் எச்சரிக்கை தர வேண்டிய கடமையும் சேர்ந்துகொள்கின்றன. இந்த நான்கையும் ஒரு தாளில் எழுதி, எல்லை என்ன, யார் எப்போது பார்ப்பார், எல்லை மீறினால் என்ன செய்வார் என்று நிரப்பினாலே தரநிலையின் சாரத்தைத் தொட்டுவிடுவீர்கள்.

பொட்டலத்தில் தொகுதி எண் இருக்க வேண்டும் என்பதும், தீங்கானது என்று தெரிந்தால் சந்தையிலிருந்து திரும்பப் பெற வேண்டும் என்பதும் 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரச் சட்டத்தின் கீழ் உங்களுக்கு ஏற்கெனவே உள்ள கடமைகள். சென்னையிலிருந்து வந்தவர் புதிதாக எதையும் கேட்டுவிடவில்லை.

ஓடம்போக்கி (திருவாரூர்)

வணக்கம். உழவர் உற்பத்தியாளர் நிறுவனம் ஒன்றில் கணக்கும் கொள்முதலும் பார்க்கிறேன். தணிக்கையாளர் ஐயா எழுதியவை அனைத்தும் சரியானவை. ஆனால் அவை ஆலைக்குள் நுழைந்த பிறகு நடப்பவை. எங்கள் பகுதியில் சிக்கல் களத்திலேயே தொடங்கிவிடுகிறது.

குறுவை அறுவடை செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் வருகிறது. வடகிழக்குப் பருவமழையும் அதே நேரத்தில் வந்து நிற்கிறது. அரசு நேரடி நெல் கொள்முதல் நிலையங்களில் ஈரப்பதம் 17 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும் என்பதும், மழை பிடித்துக்கொண்டால் அதை 22 வரை தளர்த்தக் கோரி விவசாயிகள் சாலைக்கு வருவதும் நீங்கள் அறிந்தவை. ஆனால் மரபு ரக நெல்லை விதைக்காகவும் தரத்துக்காகவும் நீண்ட நாள் இருப்புக்காகவும் வைக்க நினைப்பவர், 14 சதவீதத்துக்குக் கீழே காயவைத்தாக வேண்டும். அந்த இடைவெளியை யார் காயவைப்பது, காய்ந்ததால் குறையும் எடை யார் கணக்கில் போவது என்பதை எழுதி வைக்காமல் வாங்கினால், அந்த ஆண்டே உறவு கெட்டுவிடும்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். இரவு எட்டு, ஒன்பது மணிக்கு மழை மேகத்தைப் பார்த்தபடி டிராக்டரில் நெல் வரும்போது, நான்கு பக்கப் படிவத்தை எவரும் நிரப்ப மாட்டார்கள். நாங்கள் கடைசியில் ஒரு சிறிய அட்டைக்கு வந்து சேர்ந்தோம். விவசாயியின் பெயர், ஊர், ரகம், பட்டம் (குறுவை, சம்பா போன்ற சாகுபடிப் பருவம்), மீட்டரில் ஈரம், எடை, பார்த்தவர் கையெழுத்து, லாட் எண் (தொகுதி எண்), இவ்வளவுதான். நின்றுகொண்டே, டார்ச் வெளிச்சத்தில், பென்சிலால் எழுதும் அளவுக்கு அது இருக்க வேண்டும் என்று முடிவு செய்தோம். பேனா மை சாக்கு ஈரத்தில் கரைந்துவிடுவதால் பென்சில். அட்டையில் பாதியைக் கிழித்து விவசாயியிடம் கொடுத்துவிடுவோம். பணம் பெற வரும்போது அவர் அதைக் கொண்டுவருவார். இரண்டு பாதியும் பொருந்தினால் அன்றைய கணக்கு சரி.

ஆரம்பத்தில், மாதிரி எடுக்கக் குத்தூசியைச் சாக்கில் செருகியபோது பெரியவர் ஒருவர், “பல்லில் கடித்துப் பார்த்தாலே காய்ச்சல் தெரியும், என் நெல்லை எதற்குச் சந்தேகப்படுகிறாய்?” என்று வருத்தப்பட்டார். அவர் கடித்துச் சொன்ன கணிப்பு மீட்டருக்கு மிக அருகில்தான் இருந்தது. ஆனால் அடுத்த வண்டி நெல்லைக் கடித்துச் சொல்ல அவர் அங்கு இருக்க மாட்டார். எல்லார் நெல்லுக்கும் ஒரே மீட்டர், அவர் கண் முன்னாலேயே அளவு என்று வைத்த பிறகு, அவரே மற்றவர்களுக்கு எடுத்துச் சொல்லத் தொடங்கினார். முறை என்பது நம் வசதிக்கு மட்டும் இருந்தால் விவசாயி அதை அவமதிப்பாகத்தான் எடுத்துக்கொள்வார்; அவருக்கும் அதில் ஒரு பாதி இருக்க வேண்டும்.

வல்லம் சாலை

தஞ்சாவூரில் சிறிய மென்பொருள் நிறுவனம் நடத்துகிறேன். இதுவரை வந்த கருத்துகள் எல்லாம் தரத்தைப் பற்றியவை. வளர்ச்சியைப் பற்றியும் சிறிது பேச வேண்டும்.

எங்களுக்குக் கைகொடுத்தது ஓ.கே.ஆர். எனப்படும் இலக்கு முறை. இன்டெல் நிறுவனத்தில் ஆண்டி குரோவ் உருவாக்கிய இதை 1999இல் முதலீட்டாளர் ஜான் டோர் கூகுளுக்குக் கொண்டுபோனார். அப்போது கூகுளே மிகச் சிறிய நிறுவனம். ஒரு காலாண்டுக்கு ஓரிரு நோக்கங்கள், ஒவ்வொன்றுக்கும் அளந்து பார்க்கக்கூடிய சில விளைவுகள் என்பதே அதன் கட்டுக்கோப்பு. இது எங்களுக்குத் தந்த பெரிய பயன், எதைச் செய்யப் போவதில்லை என்பதை வெளிப்படையாகச் சொல்ல முடிந்ததுதான். புதிய வாடிக்கையாளர் ஒருவர் புதிய வேலையோடு வரும்போது, இந்தக் காலாண்டின் நோக்கத்தோடு அது சேருமா என்று கேட்கும் பழக்கம் வந்தது. நெல் நிறுவனத்துக்கும் இது பொருந்தும் என்று நினைக்கிறேன். அவல், சத்துமாவு, அரிசி மூன்றையும் ஒரே வேகத்தில் வளர்க்கப் பார்க்கிறீர்களா என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்.

குடமுருட்டிக்கரை

இவ்வளவு விரிவாக எழுதிய அனைவருக்கும் நன்றி.

வல்லம் சாலை நண்பரின் கேள்வி நியாயமானது. நோக்கங்களைச் சுருக்க வேண்டும் என்பதை ஏற்கிறேன். ஆனால் காலாண்டு என்ற அளவு எங்களுக்குப் பொருந்தாது. சம்பா நெல்லை ஜனவரி, பிப்ரவரியில் மொத்தமாகப் பணம் கொடுத்து வாங்கி, ஆண்டு முழுவதும் சிறிது சிறிதாக விற்கிறோம். மார்ச் மாதக் கணக்கைப் பார்த்தால் நிறுவனம் மூழ்குவது போலத் தெரியும்; நவம்பரில் பார்த்தால் பணம் கொழிப்பது போலத் தெரியும். இரண்டும் உண்மையல்ல. ஆகவே பட்டம்தோறும் மீளாய்வு என்று வைக்கலாம் என்று நினைக்கிறேன்: மேட்டூர் திறக்கும் ஜூன் மாதத்தில் ஒன்று, குறுவை வரவு முடிந்ததும் ஒன்று, சம்பா கொள்முதல் முடிந்ததும் ஒன்று. அப்போது பார்க்க வேண்டிய எண்களாக, கையிருப்பு நெல் எத்தனை நாள் விற்பனைக்கு வரும், கடைகளிலிருந்து பணம் வர எத்தனை நாள் ஆகிறது, நூறு கிலோ நெல்லுக்கு எத்தனை கிலோ முழு அரிசி, எவ்வளவு குருணை என்பவற்றை எடுத்திருக்கிறேன். புழுங்கல் அரிசிக்கு அரசு ஆலைகளிடம் எதிர்பார்ப்பது 68 சதவீதம். கைக்குத்தல் அளவுக்கு மட்டும் தீட்டும் எங்களுக்கு அதைவிடக் கூடுதலாக வர வேண்டும். குறைந்தால் நெல்லிலோ உமி நீக்கும் ரப்பர் உருளையிலோ ஏதோ கோளாறு என்று பொருள்.

இதைவிட என்னை அதிகம் வருத்துவது வேறொன்று. எங்கள் நிறுவனத்தில் ஸ்டோரைப் பார்ப்பவர் கூட்டாளியின் சித்தப்பா மகன். பேக்கிங்கை மேற்பார்வை செய்பவர் என் அத்தை. நம் ஊர் நிறுவனங்களில் பெரும்பாலானவை இப்படித்தான் தொடங்குகின்றன. வந்த நெல்லைத் திருப்பி அனுப்பும் அதிகாரம் யாருக்கு, கேட்காமல் எத்தனை ரூபாய் வரை செலவு செய்யலாம், விடுப்புக்கு யாரிடம் சொல்ல வேண்டும் என்பவை இன்றுவரை முகத்தைப் பார்த்தே முடிவாகின்றன. இதை எழுதி வைத்தால் உறவுக்காரர்கள் தங்களை நம்பவில்லை என்று எண்ணுவார்களோ என்று கூட்டாளி அஞ்சுகிறார். என் எண்ணம் நேர்மாறானது. ஈரம் 18 இருக்கும் நெல்லைத் தெரிந்தவர் ஒருவர் கொண்டுவரும்போது, “வேண்டாம்” என்று சித்தப்பா மகன் சொன்னால் அது பகை. சுவரில் எழுதியிருக்கும் விதியைக் காட்டினால் அது வழக்கம். எழுதி வைத்த விதி அவருடைய கௌரவத்தைக் காக்கிறது. அந்த விதிக்கு நாங்கள் இருவரும் முதலில் கட்டுப்பட வேண்டும் என்பதுதான் கடினமான பகுதி. முதலாளி ஒரு முறை மீறினால் மறுநாள் முதல் அந்தத் தாளை எவரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்.

பேராவூரணித் தென்னை

தேங்காய், கொப்பரை, எண்ணெய்த் தொழிலில் இருக்கிறேன். ஒரே ஒரு செய்தியைச் சேர்க்க விரும்புகிறேன்.

2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயல் வேதாரண்யம் அருகே கரையைக் கடந்து, பட்டுக்கோட்டை, பேராவூரணி, ஒரத்தநாடு பக்கத் தென்னைகளைச் சாய்த்தது. தோப்புகளின் இழப்பைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள். சிறு ஆலைகளுக்கு நேர்ந்ததைச் சொல்கிறேன். காப்பீடு வைத்திருந்தவர்கள்கூட, புயலுக்கு முதல் நாள் குடோனில் எவ்வளவு கொப்பரை இருந்தது என்பதை நிரூபிக்க முடியாமல் தவித்தார்கள். இருப்புப் பதிவேடு அதே குடோனில்தான் இருந்தது, கூரையோடு சேர்ந்து அதுவும் போய்விட்டது. அதன் பிறகு எங்கள் வட்டாரத்தில் சிலர் நாள்தோறும் மாலையில் இருப்புப் பக்கத்தைப் படமெடுத்து வெளியூரில் இருக்கும் உறவினருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பத் தொடங்கினோம். செலவே இல்லாத ஏற்பாடு இது.

இடரை முன்கூட்டியே எண்ணிப் பார்ப்பதும் அவசர நிலைக்குத் தயாராக இருப்பதும் நீங்கள் பேசும் தரநிலைகளிலேயே இருக்கின்றன. மற்றத் தொழில்களில் அந்தப் பகுதியை ஒப்புக்கு நிரப்பிவிட்டுப் போகலாம். கடலோர டெல்டாவில் அதை முதலில் நிரப்புங்கள்: மின்சாரம் பல நாள் வராவிட்டால் எந்த ஆலையில் அரைப்பீர்கள், சாலை அடைபட்டால் எந்த வழியில் சரக்கு போகும், வெள்ளம் வந்தால் அடி வரிசை மூட்டைகள் எவ்வளவு உயரத்தில் இருக்க வேண்டும் என்பன போன்றவை.

துவாக்குடிப் பட்டறை

மீண்டும் ஒரு விஷயம். பதிவு என்பது மனிதர்கள் எழுதுவது. பயந்தவர்கள் உண்மையை எழுத மாட்டார்கள். குறையை எழுதினால் கூலியில் பிடித்தம் என்று ஒரு முறை நடந்துவிட்டால், அதற்குப் பிறகு உங்கள் நோட்டில் குறையே இருக்காது; குறைகள் எல்லாம் வாடிக்கையாளர் கைக்குப் போய்ச் சேரும். தானே முன்வந்து எழுதிய குறைக்குப் பிடித்தம் கிடையாது என்பதை முதல் நாளே எல்லோர் முன்னிலையிலும் சொல்லுங்கள். சொன்னபடி நடந்தும் காட்டுங்கள்.

நம் மாநிலத்தில் சென்னைப் பாடியில் உள்ள சுந்தரம் கிளேட்டன் 1998இல் தர மேலாண்மைக்கான ஜப்பானின் டெமிங் பரிசைப் பெற்றது. இந்தியாவில் அதைப் பெற்ற முதல் நிறுவனம் அது. பெரிய நிறுவனத்தின் பெருமையை இருபது பேர் உள்ள இடத்தில் எதற்குப் பேச வேண்டும் என்று கேட்கலாம். தொழிலாளிகள் தங்கள் இடத்துச் சிக்கலைத் தாங்களே எழுதி, தாங்களே தீர்வு சொல்லும் பழக்கம் அந்தத் தர மேலாண்மையின் அடித்தளம்; அதற்கு ஆலை பெரிதாக இருக்க வேண்டிய அவசியம் இல்லை. பேக்கிங்கில் இருக்கும் உங்கள் அத்தையிடம், எந்த இடத்தில் பொட்டலம் அதிகமாகக் கிழிகிறது என்று கேட்டுப் பாருங்கள். உங்களுக்குத் தெரியாத ஒன்றைச் சொல்வார்.

குடந்தைத் தணிக்கையாளர்

பட்டறை ஐயா சொன்ன பயம், தணிக்கையில் நாங்கள் நாள்தோறும் பார்ப்பது. ஓர் ஆண்டு முழுவதும் இணக்கமின்மை (விதிப்படி நடக்காத நிகழ்வு) ஒன்றுகூடப் பதிவாகாத நிறுவனத்தைக் கண்டால் எனக்கு நம்பிக்கை குறைகிறதே தவிர, கூடுவதில்லை.

செலவைப் பற்றி எவரும் கேட்கவில்லை என்றாலும் சொல்லிவிடுகிறேன். உத்யம் என்ற அரசுப் பதிவு உள்ள குறு நிறுவனங்களுக்கு, குறையில்லா உற்பத்தியை ஊக்குவிக்கும் மத்திய அரசின் ஜெட் (ZED) திட்டத்தில் சான்றளிப்புக் கட்டணத்தில் 80 சதவீதமும் சிறு நிறுவனங்களுக்கு 60 சதவீதமும் மானியம் உண்டு. அதன் வெண்கல நிலை உங்களைப் போன்றவர்களுக்கு நல்ல பயிற்சிக் களம். ஆய்வகச் சோதனைக்கும் ஆலோசனைக்கும் தஞ்சாவூரிலேயே நிஃப்டெம் என்ற மத்திய அரசின் உணவுத் தொழில்நுட்ப நிறுவனம் இருக்கிறது; நெல் பதன ஆராய்ச்சிக்கென்று தொடங்கி வளர்ந்த நிறுவனம் என்பதால் உங்கள் பொருளைப் பற்றி அவர்களுக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. அஃப்ளடாக்சின் அளவையும் இருப்பில் உள்ள அரிசியின் ஈரத்தையும் ஒவ்வொரு பட்டத்திலும் சோதித்து வைத்திருங்கள். கடைக்காரர் பணத்தை இழுத்தடிக்கிறார் என்றால், எம்.எஸ்.எம்.இ. (குறு, சிறு, நடுத்தர நிறுவனங்கள்) சட்டப்படி உற்பத்தி செய்யும் குறு, சிறு நிறுவனங்களுக்கு எழுத்து ஒப்பந்தம் இருந்தாலும் 45 நாளுக்குள் கொடுத்தாக வேண்டும் என்பதையும், காலம் கடந்து, நிதியாண்டு முடிவிலும் கொடுக்காமல் இருக்கும் தொகையை அந்த ஆண்டுச் செலவாக அவர் வருமான வரிக் கணக்கில் காட்ட முடியாது என்பதையும் நினைவூட்டலாம். அதற்கும் உங்களிடம் டெலிவரி சலானும் தேதியும் ஒழுங்காக இருக்க வேண்டும்.

அன்று சென்னைக்காரர் செய்ததை நீங்களே ஆண்டுக்கு இரு முறை செய்து பாருங்கள். கடையில் இருக்கும் ஏதேனும் ஒரு பொட்டலத்தின் எண்ணை எடுத்துக்கொண்டு, கூட்டாளி இல்லாத நாளில், ஸ்டோரில் இருப்பவரிடம் கொடுங்கள். எத்தனை நேரத்தில் விவசாயியின் பெயர் வரை போகிறார், எத்தனை கிலோவுக்குக் கணக்கு வரவில்லை என்று எழுதி வையுங்கள். உங்கள் முறை வேலை செய்கிறதா என்பதற்கு இதைவிட நேரான அளவுகோல் எனக்குத் தெரியாது.

குடமுருட்டிக்கரை

கூட்டாளியும் இந்த இழையை முழுவதும் படித்தார். முகவருக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டோம். சென்னை நிறுவனத்திடம், வரும் சம்பா கொள்முதல் முடியும்வரை அவகாசம் கேட்டு, அதற்குள் லாட் பதிவையும் சத்துமாவுக்கான கட்டுப்பாட்டுத் தாளையும் நடைமுறைக்குக் கொண்டுவருவதாக எழுதியிருக்கிறோம். நெல்லைத் திருப்பி அனுப்பும் அதிகாரத்தை ஸ்டோருக்கே கொடுப்பது என்றும், அதை நாங்கள் இருவரும் மாற்ற முடியாது என்றும் முடிவாகியிருக்கிறது.

ஓடம்போக்கி சகோதரியிடம் ஒரு சந்தேகம். சிறு விவசாயிகள் சிலரின் நெல் ஐந்தாறு மூட்டைக்கு மேல் இருப்பதில்லை. அவ்வளவு குறைந்த நெல்லைத் தனியாக ஊறவைத்து அவிக்க முடியாது. தொட்டி நிரம்ப வேண்டும். இரண்டு மூன்று பேர் நெல்லைச் சேர்க்கும்போது லாட் எண்ணை எப்படி வைக்கிறீர்கள்?

ஓடம்போக்கி

ஐயா, களத்தில் சேர்ப்பதை அடியோடு நிறுத்திவிடுங்கள். காயும்போது கலந்தால் எவருடைய நெல்லில் ஈரம், எவருடையதில் கருக்காய் (பதர்) என்பது போய்விடும். தொட்டியில் கொட்டும் நேரத்தில் மட்டும் சேருங்கள். அப்போது பழைய எண் எதையும் தொடராமல் புதிய எண் ஒன்று கொடுத்து, தொட்டிப் பதிவேட்டில் அந்த எண்ணுக்கு நேரே உள்ளே போன லாட் எண்களையும் ஒவ்வொன்றின் எடையையும் எழுதுங்கள். பொட்டலத்தில் அச்சாவது தொட்டி எண்தான். பதிவேட்டைத் திறந்தால் விவசாயிகள் அனைவரும் கிடைப்பார்கள்.

ஒரே ரகம், ஒரே பட்டம், ஈரத்தில் ஒரு சதவீதத்துக்கு மேல் வேறுபாடு இல்லை என்றால் மட்டும் சேர்க்கிறோம். ஈரம் வேறுபட்ட நெல்லைச் சேர்த்தால் ஊறல் சமமாக ஏறாது. அரைக்கும்போது குருணை கூடும், காரணமும் புரியாது. முந்தைய தொட்டியின் அடியில் தங்கிய நெல்லை வழித்தெடுத்த பிறகே அடுத்ததைக் கொட்ட வேண்டும் என்பதையும் பதிவேட்டின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடுங்கள். வழித்தவர் கையெழுத்துக்கு ஒரு கட்டம் விடுங்கள். எங்கள் அட்டையின் மாதிரியையும் தொட்டிப் பதிவேட்டின் ஒரு பக்கத்தையும் நாளை மாலை இங்கேயே படமாக இடுகிறேன்.